என்ன முறை

பத்திரம் எழுதுகிறவர்
பேனாவை அந்தரத்தில் நிறுத்திக் கேட்டார்:
ஆறு பேரும் ஒருத்தருக்கொருத்தர் என்ன முறை?

நிலோபர் பொன்மலரைப் பார்த்தாள்.
பொன்மலர் என்னைப் பார்த்தாள்.
நான் சுவரில் போன வருடத்துக் காலண்டரைப் பார்த்தேன்.
இன்பன்தான் சொன்னான்,
புதிதாய் உடைந்த குரலில்:
கூட்டாளிங்க சார்.
தொழில் கூட்டு என்று எழுதிக்கொண்டார்.
தப்பில்லை.
இன்றுவரை நஷ்டம்தான்.

பூம்பாறைக்குக் கீழே ஒன்றரை ஏக்கர்.
நான்கு படி பூண்டு நிலம், காய்க்காத பிளம்ஸ் ஏழு,
தகரக் கூரையில் ஒரு கொட்டகை.
காட்டுமாடு பொறுக்காமல் விற்றுவிட்டுப் போனவர்
காட்டுமாட்டைப் பற்றி மட்டும் சொல்லவில்லை.

தமயந்தி திண்டுக்கல்லில்
பதினோரு வருடம் கல்யாணச் சமையல் செய்த காசு.
அந்த இருவருக்கும் சேர்த்து ஒரு பி.எஃப்.
ஜெரால்டின் புல்லட்.
இன்பன், நெஞ்சு அறுவைக்குச் சேர்த்ததில் மிச்சம்.
என்னுடையது
இனிமேல் வராதே என்று சொல்லி
அப்பா கையில் வைத்த பங்கு.
எண்ணிப் பார்க்காமல் வாங்கினேன்.
பஸ்ஸில் எண்ணினேன்.
நியாயமாகத்தான் பிரித்திருந்தார்.

முதல் மழைக்கு ஒரே கக்கூஸ்.
இரண்டாம் மழைக்கு ஒரே சண்டை:
பாத்திரம் இன்றைக்கு யார் முறை?
வத்தலக்குண்டு சந்தையில் அட்டை வாங்கிவந்து
கட்டம் போட்டு ஒட்டினோம்.
யாருடைய கட்டத்தையோ யாரோ
கரித்துண்டால் அழித்தார்கள்.
மூன்று நாள் ஒருவரும் பேசவில்லை.
அடுப்பு மட்டும் பேசியது, ஈர விறகு.

ஜெரால்டு ஐப்பசியில் கிளம்பினான்.
மதுரையில ஒளிஞ்சிருந்தேன், அது ஒரு கஷ்டம்.
இங்க ஒளியவே இடம் இல்லடா.
பஸ் வளைவில் திரும்பும்வரை
கம்பளிக் குல்லாயை ஆட்டினான்.
பட்டாவில் அவன் பெயர் இருக்கிறது.
தலையணையை நாய் எடுத்துக்கொண்டது.

களையெடுக்க வந்த செல்லக்கிளி
பூண்டு வரிசையிலிருந்து தலை நிமிராமல் கேட்டாள்:
நீங்க ரெண்டு பேரும் அக்கா தங்கச்சியா?
இல்லக்கா, என்றாள் பொன்மலர்.
அப்ப என்ன முறை?
ஒரே போர்வைக்கா.
அந்த வரிசை முடியும்வரை
செல்லக்கிளி வாய் திறக்கவில்லை.
அடுத்த வரிசையில் குந்தியபடி,
இந்தக் குளிருக்கு அதுவும் வேணுந்தான், என்றாள்.
கூலியைச் சரிபார்த்து வாங்கிக்கொண்டாள்.
மறுநாள் வரவில்லை.
அதற்கு மறுநாள் வந்தாள்.

பங்குனியில் வாய்க்கால் இளைத்தது.
மந்தையில் ஊர் கூடி
தண்ணீர் பங்கு போட்டார்கள்.
குடும்பத் தலைவர் பெயர் சொல்லணும், என்றார் மண்ணாடி.
எங்களில் தலைவர் யாரென்று
எங்களுக்கே அப்போது சண்டை.
இவங்க ஊரா, என்றது ஒரு குரல்.
வரி கட்டுறாங்களே, என்றது இன்னொன்று.
இதுக்கு முன்னால இப்படி எழுதினதில்ல,
எழுதினா என்ன கையா வெந்துரும்,
இன்னொருத்தர் ஆரம்பித்தார், அவர் வேறு பழைய வேலித் தகராறை.
தமயந்தி எழுந்து
முந்தானையை இழுத்துச் செருகினாள், பேசத்தான்.
அதற்குள் பனி இறங்கிவிட்டது.
எல்லாருக்கும் வீட்டுக்குப் போகணும்.
ஆறு பேர் வீடுன்னு போடுய்யா, என்று
யாரோ இருமலுக்கு நடுவில் சொன்னார்கள்.
போட்டார்கள்.

வியாழன் ராத்திரி இரண்டிலிருந்து நான்கு.
வேறு யாரும் கேட்காத நேரம்.

டார்ச்சை இன்பன் பிடிக்க
நான் மண்வெட்டியோடு மடையில் நிற்கிறேன்.
விரல்கள் என்னுடையவை இல்லை.
தமயந்தி சால்வைக்குள்ளிருந்து
மடை இடப்பக்கம்டா என்கிறாள், இடப்பக்கம் இல்லை.
மேட்டில் ஒரு பீடி நெருப்பு தெரிகிறது.
தண்ணீருக்கு முன்னால் அதன் சத்தம்,
சத்தத்துக்கு முன்னால் ஒரு ஷாம்பு உறை,
இரண்டு சருகு.

மேலே யாரோ இருட்டில்
கையைக் குவித்துக் கூப்பிடுகிறார்கள்:

ஏய் ஆறு பேரு வீடு,
தூங்கிட்டீங்களா,
உங்க முறை.